சிங்களத் திரையில் ஒரு பெண் பார்வை: சுமித்ரா பீரிஸ்

காங்கேசன்துறை வடபகுதி ரயில் பாதையின் கடைசி நிலையம். பயாகல கொழும்புக்குத் தெற்கே, கரையோர ரயில் பாதையில் உள்ள ஊர். இரண்டும் ஒரே நாட்டின் கடலோர ஊர்கள்தான். ஆனாலும் பயாகலவில் பிறந்த ஒரு பெரிய திரைப்படக் கலைஞரைக் காங்கேசன்துறை வாசகர்களில் எத்தனை பேர் அறிந்திருக்கிறோம்? சென்னையிலிருந்து வந்த படங்களின் நெறியாளர்கள் பெயரெல்லாம் நமக்கு மனப்பாடம். சுமித்ரா பீரிஸ் என்ற பெயரோ பலருக்குப் புதிது.

1950களின் பிற்பகுதியில் சுமித்ரா ஐரோப்பா சென்றார். பாரிஸ் நகரில் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸைச் சந்தித்தார். பின்னர் லண்டனில் திரைப்படத் தொழில்நுட்பம் பயின்றார். அந்த வகுப்பில் அவர் ஒருவரே பெண். நாடு திரும்பியதும் லெஸ்டரின் 'சந்தேசய' (1960) படத்தில் உதவி நெறியாளராகப் பணியாற்றினார். 1964இல் இருவரும் மணம் செய்துகொண்டனர்.

மார்ட்டின் விக்கிரமசிங்கவின் 'கம்பெரலிய' நாவலைத் தமிழ் வாசகர்கள் எம். எம். உவைஸின் மொழிபெயர்ப்பில் 'கிராமப் பிறழ்வு' என அறிவார்கள். அதனை லெஸ்டர் 1963இல் படமாக்கினார். 1965இல் டில்லி சர்வதேசத் திரைப்பட விழாவில் அது தங்க மயில் விருதைப் பெற்றது. அப்படத்தின் தொகுப்பாளர் சுமித்ரா. ஒரு பார்வை எவ்வளவு நேரம் நீடிக்க வேண்டும், ஒரு மௌனம் எங்கே முடிய வேண்டும் என்று தீர்மானிப்பவர் தொகுப்பாளரே. அவரது வேலை நன்றாக அமைந்தால் பார்வையாளர் கண்ணுக்கு அது தெரிவதே இல்லை. புகழ் நெறியாளருக்குப் போய்விடும். சுமித்ராவின் முதற் பயிற்சிக்களம் இதுதான்.

1978இல் 'கெஹெனு லமய்' (பெண் பிள்ளைகள்) வெளிவந்தது. கருணாசேன ஜயலத்தின் நாவலுக்குத் திரைக்கதை எழுதி, சுமித்ரா நெறிப்படுத்திய முதற் படம் இது. குசும் ஓர் ஏழைக் கிராமத்துப் பெண். வசதியான வீட்டுப் பையன் நிமலை விரும்புகிறாள். ஆனால் அவளது குடும்பம் அந்த வீட்டுக்குக் கடமைப்பட்டது. ஆகவே ஆசையை அடக்கிக் கொள்கிறாள். கதை பழையதே. அதைச் சொல்லும் கண்தான் புதிது. காதலனின் துயரத்தைப் பாட்டாகப் பாடிய சினிமாவில், பேசாமல் நிற்கும் பெண்ணின் மனத்துக்குள் கமரா நுழைந்தது. குசுமாக நடித்த வசந்தி சதுராணிக்கும் அதுவே முதற் படம்.

'கங்கா அத்தர' (1980) மக்களிடையே பெரும் வரவேற்பைப் பெற்றது. 1988இல் வந்த 'சாகர ஜலய மதி ஹண்டுவா ஒப சந்தா' சைமன் நவகத்தேகமவின் சிறுகதையைத் தழுவியது. வரண்ட பிரதேசத்தில் கணவனை இழந்து, மகனுடன் தனித்து வாழ்ந்து போராடும் தாயாக சுவர்ணா மல்லவராச்சி நடித்தார். சுமித்ராவின் மிகச் சிறந்த படம் இதுவே என்று கருதும் விமர்சகர்கள் உளர். 'லொகு துவ' (1996) மூத்த மகளின் கதை. குடும்பப் பாரத்தைத் தோளில் சுமக்கும் மூத்த பெண்ணை அறிவதற்கு யாழ்ப்பாணத்து வாசகருக்குச் சிங்களம் தெரிந்திருக்க வேண்டியதில்லை. நமது வீடுகளிலும் அவள் இருக்கிறாள் அல்லவா?

90களின் பிற்பகுதியில் பிரான்சில் இலங்கைத் தூதுவராகவும் சுமித்ரா கடமையாற்றினார். ஸ்பெயினும் அவரது பொறுப்பில் இருந்தது. 'வைஷ்ணவி' (2018) அவரது பத்தாவதும் இறுதியானதுமான படம். நாற்பது ஆண்டுகளில் பத்துப் படங்கள். எண்ணிக்கை குறைவுதான். படத்துக்குப் படம் முதலீட்டைத் தேடி அலைய வேண்டிய ஒரு சிறிய மொழிச் சினிமாவில் அது சாதாரண விடயமன்று. 2023 ஜனவரி 19ஆம் திகதி அவர் காலமானார்.

சிறிய நாடொன்றின் படங்களுக்கு இன்னோர் ஆபத்தும் உண்டு. பிலிம் சுருள் வெப்பத்திலும் ஈரத்திலும் அழிந்துவிடும். நல்லவேளையாக 'கெஹெனு லமய்' மும்பையிலுள்ள திரைப்பட மரபு நிறுவனத்தின் முயற்சியால் புதுப்பிக்கப்பட்டு, 2025இல் கான் திரைப்பட விழாவில் காட்டப்பட்டது.

1990இல் யுத்தத்தால் நின்றுபோன ரயில், 2015 ஜனவரியில் மீண்டும் காங்கேசன்துறைக்கு வந்து சேர்ந்தது. தெற்கின் நல்ல படங்களும் தமிழ் உபதலைப்புகளுடன் இங்கே வந்து சேர வேண்டும். கான் நகரத்தார் பார்த்த குசுமை நமது பிள்ளைகளும் பார்க்க வேண்டாமா?