மத்திய அலையும் ஜப்பானும்

1925 மார்ச் 22 அன்று டோக்கியோவில் ஜப்பானின் முதல் வானொலிக் குரல் ஒலித்தது. நூறாண்டு நெருங்கிய வேளையில், 2021ஆம் ஆண்டு, அந்நாட்டின் 47 தனியார் மத்திய அலை நிலையங்களுள் 44 நிலையங்கள் பண்பலைக்கு மாறும் நோக்கத்தை அறிவித்தன. மத்திய அலைக்கு உயர்ந்த கோபுரமும் பரந்த நிலமும் வேண்டும். அவற்றைப் புதுப்பிக்க விளம்பர வருவாய் போதவில்லை.

2010இல் தொடங்கிய ‘ரேடிகோ’ வழியே நிகழ்ச்சிகளைத் திறன்பேசியிலும் கேட்கலாம். பின்னர்க் கோபுரம் எதற்கு என வினவுவோர் 2011 மார்ச் 11ஐ மறந்தவராவர். அன்று நிலநடுக்கமும் ஆழிப்பேரலையும் தாக்க, மின்சாரம் நின்றது. கைப்பேசிக் கோபுரங்கள் பலவும் செயலிழந்தன. மின்கலத்தில் இயங்கிய சிறு வானொலிப் பெட்டிகளே பலருக்குச் செய்தி கூறின.

பண்பலையோ மலைகளைக் கடந்து நெடுந்தொலைவு செல்லாது. பரந்த ஹொக்கைடோவின் இரு நிலையங்களும் அகிதாவின் ஒரு நிலையமும் அவ்வறிவிப்பில் இணையவில்லை.