தொகுப்பில் உருவான தேசியம்: எஸ்தோனிய மக்களின் நாட்டார் பாடலும் அடையாளமும்

ஆய்வுச் சுருக்கம்

13ஆம் நூற்றாண்டு முதல் அயலார் ஆட்சியின்கீழ் வாழ்ந்த எஸ்தோனிய மக்கள், 19ஆம் நூற்றாண்டில் தம்மை ஒரு தேசிய இனமாக உணரத் தலைப்பட்டனர். அவ்வுணர்வுக்கு அவர்தம் தொன்மையான நாட்டார் பாடல்களே அடிப்படை என்பது பரவலான கருத்து. பாடல்களின் தொன்மையைக் காட்டிலும் அவற்றைத் தேடித் தொகுத்த கூட்டுச் செயற்பாடே அம்மக்களைத் தேசிய இனமாக்கியது என்பதை இக்கட்டுரை விளக்குகிறது. அவ்வாறு உருவான அடையாளம் இன்று எதிர்கொள்ளும் வினாவையும் சுட்டுகிறது.

திறவுச்சொற்கள்: எஸ்தோனியா, ரெகிலவுல், கலேவிப்போயெக், யாக்கோப் ஹுர்ட், பாடல் விழா, தேசிய அடையாளம்.

முன்னுரை

பால்டிக் கடலின் கிழக்குக் கரையில் அமைந்த எஸ்தோனியாவின் மக்கள்தொகை ஏறத்தாழ 13 இலட்சம். எஸ்தோனிய மொழி பின்னோ-உக்ரிக் மொழிக் குடும்பத்தைச் சார்ந்தது. பின்னிய மொழியோடு நெருங்கிய உறவும் ஹங்கேரிய மொழியோடு தொலைவான உறவும் உடையது. இந்நிலத்தை ஆண்ட ஜெர்மானியர், டேனியர், சுவீடியர், உருசியர் ஆகியோரின் மொழிகள் அனைத்தும் இந்தோ-ஐரோப்பியக் குடும்பத்தவை. ஆள்வோர் மொழியும் ஆளப்படுவோர் மொழியும் வேர்வரை வேறுபட்டிருந்தமை இம்மக்களின் வரலாற்றில் கருதத்தக்கது.

ஜெர்மானியச் சிலுவைப் போர்வீரர்களும் டேனியரும் தொடங்கிய படையெடுப்பு 1227இல் நிறைவுற்றது. பின்னர்ச் சுவீடனும், 1710 முதல் உருசியப் பேரரசும் இந்நிலத்தை ஆண்டன. முடியாட்சிகள் மாறினும் நிலமும் திருச்சபையும் நகர நிருவாகமும் பால்டிக் ஜெர்மானியர் கையிலேயே இருந்தன. எஸ்தோனியர் பெரும்பாலும் பண்ணையடிமைகளாயினர். வடபகுதியான எஸ்த்லாந்தில் 1816இலும், தென்பகுதியை உள்ளடக்கிய லிவோனியாவில் 1819இலும் பண்ணையடிமை முறை ஒழிக்கப்பட்டது. ஆயினும் நிலம் அவர்களுக்கு உரிமையாகவில்லை.

அக்காலத்தில் இம்மக்கள் தம்மை ‘மாரஹ்வாஸ்’, அதாவது நிலத்து மக்கள் என்றே அழைத்துக்கொண்டனர். இது ஓர் இனப்பெயர் என்பதைவிடச் சமூகப் படிநிலையைக் குறிக்கும் பெயர் எனலாம். கல்வியோ செல்வமோ பெற்றவர் ஜெர்மன் மொழிக்கும் வாழ்வுக்கும் மாறிவிடுவது வழக்கமாக இருந்தது. 1857இல் தாம் தொடங்கிய வார இதழில் யோஹன் வோல்டெமர் யான்சென் வாசகரை ‘எஸ்தோனிய மக்களே’ என விளித்தார். நிலத்து மக்கள் எஸ்தோனிய மக்களாயினர் என்பதன் பொருளை விளங்கிக்கொள்ள, அவர்களின் பாடல் மரபிலிருந்து தொடங்க வேண்டும்.

ரெகிலவுல்: வாய்மொழிப் பாடல் மரபு

எஸ்தோனியரின் பழமையான நாட்டார் பாடல் வகை ‘ரெகிலவுல்’ எனப்படும். அடிக்கு எட்டு அசை என்னும் அமைப்பும், அடிக்குள் முதலெழுத்துகள் ஒன்றிவரும் மோனையும், ஒரே கருத்தை வேறு சொற்களால் அடுத்த அடியில் கூறும் இணைமொழியும் இதன் இயல்புகள். இறுதி இயைபு இதற்கு இன்றியமையாததன்று. ஒருவர் பாட, ஏனையோர் அவ்வடியைத் திரும்பப் பாடுவர். வயல்வேலை, ஊஞ்சல், திருமணம், தாலாட்டு ஆகிய சூழல்களில் இவை பாடப்பட்டன. இவற்றைப் பாடியோரில் பெண்களே மிகுதி.

இப்பாடல்களின் மதிப்பை முதலில் ஐரோப்பாவுக்கு அறிவித்தவர் ஜெர்மானியச் சிந்தனையாளர் ஹெர்டர். ரீகா நகரில் பணியாற்றிய அவர், 1778–79இல் வெளியிட்ட நாட்டார் பாடல் தொகுதியில் எஸ்தோனியப் பாடல்களையும் சேர்த்தார். பண்ணையடிமைகள் தம் ஆண்டைகளின் கொடுமையை முறையிடும் பாடலும் அவற்றுள் ஒன்று. அரசும் ஏடும் இல்லாத மக்களுக்கும் தமக்கென ஓர் ஆன்மா உண்டு, அது பாடலில் உறைகிறது என்னும் அவருடைய கருத்து பின்வந்தோருக்கு வழிகாட்டியது.

கலேவிப்போயெக்: கிடைத்ததும் படைத்ததும்

1838இல் தார்து நகரில் எஸ்தோனியக் கற்றோர் கழகம் தோன்றியது. பின்லாந்தில் 1835இல் வெளிவந்த ‘கலேவலா’ காப்பியம், எஸ்தோனியர்க்கும் இத்தகைய நூல் வேண்டும் என்ற வேட்கையை ஊட்டியது. மருத்துவரான பேல்மன் தொடங்கிய இப்பணியை, அவர் மறைவுக்குப்பின் மற்றொரு மருத்துவரான கிரொய்ட்ஸ்வால்ட் நிறைவேற்றினார். 1857–1861 காலப்பகுதியில் ‘கலேவிப்போயெக்’ ஜெர்மன் மொழிபெயர்ப்புடன் பகுதி பகுதியாக வெளிவந்தது. மக்கள் பதிப்பு 1862இல் பின்லாந்தின் குவோபியோ நகரில் அச்சாயிற்று.

ஏறத்தாழ 19,000 அடிகள் கொண்ட இக்காப்பியத்தின் பெரும்பகுதி கிரொய்ட்ஸ்வால்டின் சொந்த யாப்பு. மக்களிடையே கலேவிப்போயெக் என்னும் பூதவுடல் வீரனைப் பற்றி வழங்கியவை பெரும்பாலும் உரைநடைக் கதைகளே. அவற்றை இணைத்து, ரெகிலவுல் யாப்பில் அமைத்து, ஒரு முழு வாழ்க்கை வரலாறாக்கியவர் அவர். எனவே இந்நூலைத் தொன்மையின் நேரடிச் சான்றாகக் கொள்ளுதல் பொருந்தாது. ஒரு மக்கள் தமக்கு வேண்டிய கடந்தகாலத்தைக் கட்டமைத்துக்கொண்ட முறைக்கு இது சிறந்த சான்றாகும்.

1869: ஒரு பாடல் விழா

பண்ணையடிமை ஒழிப்பின் ஐம்பதாம் ஆண்டை ஒட்டி, 1869இல் தார்துவில் முதல் பாடல் விழாவை யான்சென் ஒருங்கிணைத்தார். 800க்கும் மேற்பட்ட பாடகரும் இசைக்கருவியாளரும் பங்கேற்றனர், அனைவரும் ஆடவர். விழாவில் ஒலித்தவை ரெகிலவுல் பாடல்கள் அல்ல என்பது கவனத்திற்குரியது. ஜெர்மானிய ஆடவர் பாடகர் குழுக்களின் வழிவந்த பல்குரல் இசையே அங்கு ஒலித்தது. எஸ்தோனிய இசையமைப்பாளர் ஒருவரின் ஆக்கங்களாக இடம்பெற்றவை இரண்டே. யான்செனின் மகளும் கவிஞருமான லிடியா கொய்துலாவின் பாடல்களுக்கு அலெக்சாண்டர் குனிலெய்த் அமைத்தவை அவை. பின்னாளில் நாட்டுப்பண்ணான பாடலும் இவ்விழாவில் பாடப்பட்டது. அதன் சொற்கள் யான்செனுடையவை; மெட்டோ ஜெர்மனியில் பிறந்த பாசியஸ் அமைத்தது. அம்மெட்டே பின்லாந்தின் நாட்டுப்பண்ணுக்கும் உரியது.

ஆக, வடிவம் ஆள்வோரிடமிருந்து பெறப்பட்டது. மொழியும் கூடுகையும் எஸ்தோனியருடையவை. வெவ்வேறு ஊர்களின் உழவர் ஒரே பாடலை ஒரே மொழியில் ஒரே நேரத்தில் பாடியதே அவ்விழாவின் வரலாற்றுச் சிறப்பு.

ஹுர்ட்டின் அழைப்பும் மக்களின் மறுமொழியும்

திருச்சபை ஊழியரும் மொழியறிஞருமான யாக்கோப் ஹுர்ட், 1888இல் இதழ்கள் வாயிலாக மக்களுக்கு ஓர் அழைப்பு விடுத்தார். பாடல், கதை, பழமொழி, விடுகதை, நம்பிக்கை, வழக்கம் அனைத்தையும் எழுதி அனுப்புமாறு வேண்டினார். ஏறத்தாழ 1,400 பேர் மறுமொழி தந்தனர். ஊர்ப்பள்ளி ஆசிரியர்களும் உழவர்களும் அவர்களுள் மிகுதி. தொகுப்பு ஒரு இலட்சம் பக்கங்களைக் கடந்தது.

இது இயன்றமைக்கு எழுத்தறிவு ஒரு காரணம். 1739இல் முழு விவிலியம் எஸ்தோனியத்தில் வெளிவந்தது. லூத்தரன் திருச்சபையும் ஊர்ப்பள்ளிகளும் வாசிப்பைப் பரப்பின. 1897ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பில் எஸ்தோனியருள் 90 விழுக்காட்டுக்கும் மேற்பட்டோர் படிக்கத் தெரிந்தவராக இருந்தனர். மற்றொரு காரணம் ஹுர்ட் கையாண்ட முறை. எவ்வூரிலிருந்து யார் எதை அனுப்பினார் என்பதை அவர் இதழ்களில் தொடர்ந்து அறிவித்தார். தன் பாட்டியின் பாடல் அச்சில் மதிக்கப்படுவதை உழவர் கண்டார். தொலைவிலுள்ள ஊரார் அனுப்பியதும் தம்முடையதை ஒத்திருப்பதை அறிந்தார். ‘நாம்’ என்னும் உணர்வு இவ்வாறு பட்டியல் வழியாகவே வளர்ந்தது. எண்ணிக்கையில் சிறிய இனம் பண்பாட்டில் பெரியதாக வேண்டும் என ஹுர்ட் வலியுறுத்தினார்.

மரபு மங்கிக்கொண்டிருந்த காலத்திலேயே இத்தொகுப்பு நிகழ்ந்தது. பல ஊர்களில் ரெகிலவுல் பாடும் வழக்கம் குன்றி, இயைபுடைய புதுப்பாடல்கள் பரவியிருந்தன. வாழ்விலிருந்து நீங்கியது ஆவணத்தில் சேர்ந்தபோது பொதுச் சொத்தாயிற்று.

ஆவணமும் அதிகாரமும்

1918 பிப்ரவரி 24 அன்று எஸ்தோனியா விடுதலையை அறிவித்தது. 1927இல் தார்துவில் எஸ்தோனிய நாட்டார் வழக்காற்று ஆவணக்காப்பகம் நிறுவப்பட்டது. 1940இல் சோவியத் ஒன்றியம் நாட்டைக் கைப்பற்றியது. 1949 மார்ச்சில் மட்டும் 20,000க்கும் மேற்பட்டோர் சைபீரியா முதலிய பகுதிகளுக்கு நாடுகடத்தப்பட்டனர். போருக்குப் பிந்தைய ஆண்டுகளில் ஆவணக்காப்பகமும் தணிக்கைக்கு உள்ளாயிற்று. ஆட்சிக்கு ஒவ்வாதன எனக் கருதப்பட்டவை கையெழுத்துத் தொகுதிகளிலிருந்து வெட்டி நீக்கப்பட்டன. நாட்டார் தொகுப்பின் அரசியல் ஆற்றலை ஆட்சியாளரும் உணர்ந்திருந்தனர் என்பதற்கு இதுவே சான்று.

பாடல் விழாக்கள் சோவியத் புகழ்ச்சிப் பாடல்களோடு தொடர அனுமதிக்கப்பட்டன. கொய்துலாவின் தாய்நாட்டுப் பாடலுக்குக் குஸ்தாவ் எர்னேசாக்ஸ் அமைத்த புதிய இசை 1947 விழாவில் ஒலித்தது; பின்னர் அது விலக்கப்பட்டது. 1960 விழாவில் நிகழ்ச்சி நிரலில் இல்லாதபோதும் மக்கள் தாமாகவே அதனைப் பாடினர். வெல்யோ தொர்மிஸ் போன்றோர் ரெகிலவுலைப் பாடகர் குழு இசைக்குள் கொணர்ந்தனர். 19ஆம் நூற்றாண்டில் தனித்தனியே சென்ற இரு மரபுகள் இவ்வாறு இணைந்தன. 1988 செப்டம்பரில் தாலின் பாடல் திடலில் ஏறத்தாழ மூன்று இலட்சம் பேர் கூடியதாக மதிப்பிடப்படுகிறது. ஓவியர் ஹெய்ன்ஸ் வால்க் ‘பாடும் புரட்சி’ எனப் பெயரிட்ட அவ்வியக்கத்தின் தொடர்ச்சியாக, 1991 ஆகஸ்ட் 20 அன்று விடுதலை மீட்கப்பட்டது.

அடையாளத்தின் எல்லை

1934இல் மக்கள்தொகையில் 88 விழுக்காட்டினராக இருந்த எஸ்தோனியர், போர், நாடுகடத்தல், தொழில்வழிக் குடியேற்றம் ஆகியவற்றால் 1989இல் ஏறத்தாழ 62 விழுக்காட்டினராகக் குறைந்தனர். மொழியழிவு குறித்த அச்சம் அடிப்படையற்றதன்று. 1989இல் எஸ்தோனியம் மீண்டும் ஆட்சிமொழியாக்கப்பட்டது. ஆயின் 1992இல் 1938ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் மீண்டும் நடைமுறைக்கு வந்தபோது, மக்கள்தொகையில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கினர் குடியுரிமையற்றோராயினர். அவர்களுள் பெரும்பாலோர் உருசிய மொழியினர். அவ்வெண்ணிக்கை பின்னர்ப் பெரிதும் குறைந்துள்ளது. 2024இல் தொடங்கிய, அனைத்துப் பள்ளிகளையும் எஸ்தோனிய வழிக்கு மாற்றும் திட்டம் இவ்விவாதத்தைப் புதுப்பித்துள்ளது. ஒரு மொழியைக் காத்தலும் மற்றொரு மொழியினர்க்கு இடமளித்தலும் எங்ஙனம் இணையும் என்பது தீராத வினா.

முடிவுரை

எஸ்தோனியரின் காப்பியம் ஒரு மருத்துவரின் ஆக்கம். நாட்டுப்பண்ணின் மெட்டு அயலாருடையது. பாடல் விழாவின் வடிவம் ஜெர்மானியரிடமிருந்து பெற்றது. இவற்றைக் கொண்டு அவ்வடையாளத்தைப் போலியெனக் கருதுதல் பிழை. தேடுதல், எழுதுதல், அனுப்புதல், கூடிப்பாடுதல் என்னும் செயல்களால் அது மெய்யாயிற்று. பாடல் விழா மரபு 2008இல் யுனெஸ்கோவின் பட்டியலில் இடம்பெற்றபோது அங்கீகரிக்கப்பட்டதும் இக்கூட்டுச் செயலே. பங்கேற்பால் உருவான அடையாளம் புதிய பங்கேற்பாளரை ஏற்கும் வாய்ப்பையும் தன்னகத்தே கொண்டுள்ளது. ஹுர்ட்டின் அழைப்பு பிறப்பைக் கேட்கவில்லை; அறிந்ததை எழுதி அனுப்புமாறு மட்டுமே வேண்டியது. எஸ்தோனிய மொழியைப் பிற்காலத்தில் கற்றோர்க்கும் அவ்வழைப்பு பொருந்துமா என்பதைப் பொறுத்தே இத்தேசியத்தின் அடுத்த கட்டம் அமையும்.