பந்தில் பிழைப்பு உண்டா? கடலூர் இந்துமதியின் தொடக்க ஆண்டுகள்

மொனராகலை மாவட்டத்தில், வெல்லவாயப் பக்கத்துக் குடியேற்றமொன்றில் மாதர் கூட்டம் முடிந்து நாம் புறப்படும் வேளையில் ஒரு தாய் எம்மை நிறுத்தினார். "மகள் பள்ளிக்கூடத்தில பந்து உதைக்கப் போறேன்னு நிக்கிறா. அதில சோறு இருக்கா, சொல்லுங்க" என்றார். அவருடைய பெற்றோர் 1977ஆம் ஆண்டுக் கலவரத்தின்பின் தோட்டத்தை விட்டு வன்னிக்குப் போனவர்கள். அங்கே காடு வெட்டிக் காணியாக்கியதும் போரில் அதை இழந்ததும் எமது வாசகர் பலருக்குச் சொந்தக் கதை. செட்டிகுளம் முகாமில் பிறந்த அந்த மகளுக்கு இப்போது வயது 14. குடும்பம் ஊவாவுக்கே திரும்பி வந்து சோளமும் கௌபியும் போட்டுச் சீவிக்கிறது.

கேள்வி நியாயமானது. காணியை இழந்த குடும்பத்தில் ஒவ்வொரு பிள்ளையின் உழைப்புக்கும் கணக்கு உண்டு. "விளையாட்டு உடம்புக்கு நல்லது" என்று சொல்லி நாம் நழுவிவிட முடியாது. ஆகவே உதைபந்தாட்டத்தைத் தொழிலாகக் கொண்ட ஒரு தமிழ்ப் பெண் அந்த இடத்துக்கு எப்படி வந்தார் என்று பார்ப்போம்.

இந்துமதி கதிரேசன் 1994ஆம் ஆண்டு யூன் மாதம் தமிழ்நாட்டின் கடலூரில் பிறந்தவர். 2004 டிசம்பர் 26ஆம் திகதி ஆழிப்பேரலை வந்தபோது அவருக்குப் பத்து வயது. தமிழ்நாட்டில் நாகப்பட்டினத்துக்கு அடுத்தபடியாகப் பெருஞ்சேதம் கண்ட மாவட்டங்களில் கடலூரும் ஒன்று. அந்த நகரில் மாரியப்பன் என்ற பயிற்றுநர் பெண்பிள்ளைகளுக்குப் பந்து பழக்கி வந்தார். அலையில் வீடிழந்தவர்கள், விடுதிகளில் வளர்ந்தவர்கள், கூலிக் குடும்பத்துப் பிள்ளைகள் என்று பலர் அவரிடம் சேர்ந்தனர். இந்துமதியும் அந்தக் களத்திலிருந்து வந்தவரே. அவரோடு பின்னாளில் இந்திய அணியில் ஆடிய சந்தியா ரங்கநாதனும் அதே மாவட்டத்தவர். ஒரு சிறிய ஊரிலிருந்து இரண்டு பேர் நாட்டின் அணிக்குப் போனது தற்செயல் என்று நாம் நினைக்கவில்லை. ஒரே பயிற்றுநர் ஆண்டுக்கணக்காக ஒரே இடத்தில் நின்றதன் பலன் அது. பயிற்சி முகாம் ஒன்றை மூன்று நாள் நடத்திப் படம் பிடித்துக்கொண்டு போகிறவர்களால் (எம்மைப் போன்ற நிறுவனங்களும் இதில் அடக்கம்) இது ஆகாது.

இந்துமதி ஆடுவது நடுக்களத்தில். பாதுகாப்பு வரிசையிடமிருந்து பந்தை வாங்கி முன்வரிசைக்குக் கொடுப்பதும், எதிரணி தாக்கும்போது ஓடிவந்து தடுப்பதும் நடுக்கள வீராங்கனையின் வேலை. 90 நிமிட ஆட்டத்தில் உயர்மட்ட வீராங்கனை ஒருவர் ஏறத்தாழ 10 கிலோமீற்றர் ஓடுகிறார். மலைச்சரிவில் கொழுந்துக் கூடை சுமந்த பாட்டிமாரின் பேத்திகளுக்கு இதற்கு வேண்டிய காலும் நெஞ்சும் இல்லை என்று எவரும் சொல்ல முடியாது. இல்லாதது காலைச் சாப்பாடு. வெறும் தேநீரைக் குடித்துவிட்டுப் பாடசாலைக்குப் போகும் பிள்ளை மாலையில் ஓடினால் தலைசுற்றி விழும். மாதவிடாய் தொடங்கிய பெண்பிள்ளைக்கு இரும்புச்சத்து கூடுதலாகத் தேவை. பயறு, கௌபி, முருங்கைக்கீரை, நெத்தலி ஆகியவை எமது வீடுகளுக்கு எட்டாதவை அல்ல. சாப்பாட்டோடு சேர்த்துத் தேநீர் குடித்தால் உணவிலுள்ள இரும்புச்சத்து உடலில் சேர்வது குறையும். ஆகையால் தேநீரை ஒரு மணி நேரம் தள்ளி வையுங்கள்.

தென்னாசிய மகளிர் கிண்ணத்தின் 2016ஆம் ஆண்டுப் போட்டிகள் இந்தியாவின் சிலிகுரியில் நடந்தன. இறுதியாட்டம் 2017 சனவரி 4ஆம் திகதி பங்களாதேசத்துடன் நடந்தது. இந்தியா 3-1 என்று வென்றது. மூன்றாவது கோல் இந்துமதியுடையது. அப்போது அவருக்கு 22 வயது. 2019 மார்ச்சில் நேபாளத்தின் விராட்நகரில் அதே கிண்ணத்தை இந்தியா மறுபடியும் வென்றது. அத்தொடரில் இலங்கை அணி இந்தியாவிடம் 5-0 என்று தோற்றது. அதே மே மாதத்தில் லூதியானாவில் நடந்த இந்திய மகளிர் லீக் போட்டியில், மதுரையைச் சேர்ந்த சேது கழகம் மணிப்பூர் பொலிஸ் அணியை 3-1 என்று வென்று சம்பியனானது. இந்துமதியும் சந்தியாவும் சேது கழகத்தில் ஆடினர்.

இனி அந்தத் தாயின் கேள்விக்கு வருவோம். நாட்டுக்காக ஆடி, கழகத்தோடு சம்பியனாகிய பெண்ணுக்குச் சோறு எங்கிருந்து வந்தது?

முதலில் "தொழில்முறை" என்றால் என்னவென்று தெரிந்துகொள்ள வேண்டும். உலக உதைபந்தாட்டச் சம்மேளனமான பீஃபாவின் விதி இதைச் சுருக்கமாகச் சொல்கிறது. கழகத்தோடு எழுத்தில் ஒப்பந்தம் இருக்க வேண்டும். ஆடுவதற்கு ஆகும் செலவைவிடக் கூடுதலாகப் பணம் கிடைக்க வேண்டும். இவை இரண்டும் இருந்தால் தொழில்முறை வீராங்கனை. போக்குவரத்துக் காசும் சாப்பாடும் மட்டும் கிடைத்தால் அவர் அமெச்சூர். கோல் எத்தனை போட்டாலும் இதில் மாற்றமில்லை.

2019இல் லூதியானாவில் நடந்த லீக் முழுவதும் மூன்று வாரத்துக்குள் முடிந்துவிட்டது. மூன்று வாரப் போட்டியை நம்பி எவரும் ஓர் ஆண்டு வாழ முடியாது. இந்துமதி வாழ்ந்தது வேறு சம்பளத்தில். அவர் தமிழ்நாடு பொலிஸில் உதவி ஆய்வாளர், அதாவது எமது நாட்டில் நாம் எஸ்.ஐ. என்று சொல்லும் பதவி. 2020இல் கொரோனா ஊரடங்கு வந்து மைதானங்கள் மூடப்பட்டபோது, இந்திய அணியின் நடுக்கள வீராங்கனை முகக்கவசத்துடன் சென்னை வீதியில் கடமையில் நின்றார். அதைப் படித்தபோது எமக்குப் பெருமையும் வந்தது, கொஞ்சம் கோபமும் வந்தது. ஆண் வீரர் ஒருவர் அந்த நிலையில் இருந்தால் அவரை இப்படி வீதியில் நிறுத்தியிருப்பார்களா என்ற கோபம். ஆனால் மாதம் தவறாமல் வரும் சம்பளமும் ஓய்வூதியமும் உள்ள பெண்ணை எவரும் "பந்து உதைத்துக் கெட்டுப்போனவள்" என்று சொல்ல முடியாது.

நிலைமை மெல்ல மாறி வருகிறது. மகளிர் லீக்கின் ஒவ்வொரு கழகமும் குறைந்தது 10 இந்திய வீராங்கனைகளோடு ஒப்பந்தம் செய்ய வேண்டும், ஆண்டுக்கு ஆகக்குறைந்தது 3 இலட்சத்து 20 ஆயிரம் இந்திய ரூபா கொடுக்க வேண்டும் என்று 2023இல் இந்தியச் சம்மேளனம் அறிவித்தது. மாதத்துக்குப் பிரித்தால் ஏறத்தாழ 26,600 ரூபா. பெரிய பணமில்லை, ஆனால் கணக்கில் காட்டக்கூடிய பணம். பிரசவ விடுப்பு 14 வாரம், அக்காலத்தில் சம்பளத்தில் மூன்றில் இரண்டு பங்கேனும் கொடுக்க வேண்டும் என்ற பீஃபா விதி 2021 முதல் நடைமுறைக்கு வந்தது. தோட்டங்களில் எமது தாய்மார் பிரசவச் சகாயத்துக்குப் போராடிய வரலாறு தெரிந்தவர்களுக்கு இதன் பெறுமதி விளங்கும்.

இலங்கையில் மகளிர் உதைபந்தாட்டத்தில் சம்பளத்தோடு ஆடும் வழி பெரும்பாலும் தரை, கடல், வான் படைகளின் அணிகளே. இதைத் தமிழ்ப் பெற்றோர் பலர் விரும்பமாட்டார்கள், காரணமும் நாம் சொல்லத் தேவையில்லை. மற்ற வழி பாடசாலை. தெல்லிப்பழை மகாஜனக் கல்லூரி 1990இல் வலிகாமம் வடக்கு மக்கள் இடம்பெயர்ந்தபோது தானும் இடம்பெயர்ந்து இயங்கிய பாடசாலை. திரும்பி வந்தபின் அதன் பெண்கள் அணி அகில இலங்கைப் பாடசாலைகள் போட்டியில் ஒன்றுக்கு மேற்பட்ட தடவை சம்பியனாகியது.

இடம்பெயர்வு ஒரு பிள்ளையை முடக்கிவிடும் என்று எண்ணுகிறவர்களுக்கு நாதியா நாதிமைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஆப்கானிஸ்தானில் பிறந்தவர். தகப்பனை 2000ஆம் ஆண்டில் தலிபான்கள் கொன்றார்கள். தாயும் ஐந்து பெண்பிள்ளைகளும் தப்பி டென்மார்க் போய்ச் சேர்ந்தார்கள். அகதி முகாமுக்குப் பக்கத்து மைதானத்தில் பெண்பிள்ளைகள் பந்து ஆடுவதைக் கண்டே அவர் ஆட வந்தார். 2009இல் டென்மார்க் அணியில் இடம்பிடித்தார். 2017 ஐரோப்பியக் கிண்ண இறுதியாட்டத்தில் அந்நாட்டின் முதல் கோலை அவரே போட்டார். ஆடிக்கொண்டே மருத்துவம் படித்து 2022இல் வைத்தியரானார். இந்துமதிக்குப் பொலிஸ் வேலை எப்படியோ, இவருக்கு வைத்தியம் அப்படி. ஆகவே பந்துக்காகச் சாதாரண தரப் பரீட்சையைக் கைவிடப் பிள்ளைகளுக்கு இடம் கொடாதீர்கள். பரீட்சைக்காகப் பந்தை அடுப்பில் போடவும் வேண்டாம்.

இன்னும் ஒன்று. வெளிநாட்டுக் கழகத்தில் சேர்க்கிறோம் என்று எவராவது முற்பணம் கேட்டு வந்தால் கொடுக்காதீர்கள். 18 வயதுக்குட்பட்டவரை நாடு விட்டு நாடு கழகம் மாற்றுவதைச் சில விதிவிலக்குகள் தவிர பீஃபா தடைசெய்துள்ளது.

வயதுப் பிரிவுப் போட்டி எதற்கும் பிறப்புச் சான்றிதழ் கேட்பார்கள். திறமையிருந்தும் எமது பிள்ளைகள் பட்டியலிலிருந்து விழுவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான். பிறப்பு வவுனியாவிலோ கிளிநொச்சியிலோ பதியப்பட்டிருந்தாலும், முதலில் நீங்கள் வசிக்கும் பிரதேச செயலகத்தில் விசாரியுங்கள். பதியப்படாமலே போயிருந்தால் காலந்தாழ்த்திய பதிவுக்கு வழியுண்டு. கிராம அலுவலரின் கடிதத்தோடு போங்கள். போட்டி அறிவித்தபின் ஓடினால் நேரம் போதாது.

அந்தத் தாயிடம் சான்றிதழ் உண்டா என்று கேட்டோம். றங்குப்பெட்டியிலிருந்து பொலித்தீன் உறையில் சுற்றிய தாள் ஒன்றை எடுத்துக் காட்டினார். முகாமில் மழையில் நனைந்ததால் பிள்ளையின் பெயர் தெரிகிறது, திகதி அழிந்துவிட்டது. புதிய பிரதிக்கு மறுவாரமே விண்ணப்பம் கொடுத்துவிட்டதாகச் சொல்லியனுப்பினார்.