மதராஸில் அச்சான ஆர்மீனியம்

உலகின் முதல் ஆர்மீனிய இதழ் வெளிவந்தது ஆர்மீனியாவில் அல்ல, மதராஸில். 1794 அக்டோபரில் 'அஸ்தரார்' என்ற அந்த மாத இதழைத் தொடங்கியவர் ஷிராஸிலிருந்து வந்த பாதிரியார் ஹாருத்தியூன் ஷ்மாவோனியன். ஒரே வாரத்தில் இரு மகன்களைப் பறிகொடுத்த தகப்பன் அவர். 5-ஆம் நூற்றாண்டில் மெஸ்ரோப் மாஷ்டோட்ஸ் உருவாக்கிய எழுத்துகளை இங்கே அவரே அச்செழுத்தாக வார்த்தார். காகிதமும் தானே செய்துகொண்டார். இதழ் 1796 வரை வந்தது.

அதற்கு முன்பே, 1772-இல், வணிகர் ஷாஹாமிர் ஷாஹாமிரியன் இந்நகரில் ஆர்மீனிய அச்சகம் நிறுவியிருந்தார். நாடிழந்த மக்களுக்குச் சட்டமும் விடுதலையும் பேசிய நூல்கள் அதில் அச்சாயின.

சென்னை செல்பவர்கள் பாரிமுனை ஆர்மீனியன் தெருவுக்கு அவசியம் போகவேண்டும். 'ஆர்மீனியன்' தமிழர் நாவில் 'அரண்மனைக்காரன்' ஆன தெரு அது. அங்குள்ள ஆர்மீனியத் தேவாலயத்தின் தனி மணிக்கூண்டில் ஆறு பெரிய மணிகள். முற்றத்தில் ஷ்மாவோனியனின் கல்லறை.