நீர் தேங்கும் மண்ணுக்கு ஏற்ற தாவரங்களைத் தெரிவுசெய்தல்

மாரிகாலத்தில் இரண்டு மூன்று நாட்கள் நீர் தேங்கி நின்றாலே பப்பாசி மரம் இலை மஞ்சளாகி வாடத் தொடங்கும். மண்ணில் நீர் நிறைந்திருக்கும்போது தாவரம் வாடுவது ஏன்? "வேர் அழுகுவதால்" என்று மட்டும் எழுதி நிறுத்தும் மாணவர் பலர். அழுகல் பின்னர் வருவது. முதற் காரணம் ஒட்சிசன் குறைபாடாகும்.

நல்ல வடிகாலுள்ள மண்ணின் இடைவெளிகளில் வளி உண்டு. அதிலுள்ள ஒட்சிசனைக் கொண்டே வேர்க்கலங்கள் சுவாசிக்கின்றன. அவ்விடைவெளிகளை நீர் நிரப்பியதும், ஒட்சிசன் பரவும் வேகம் ஏறத்தாழ 10,000 மடங்கு குறைகின்றது. எஞ்சியிருப்பதை வேர்களும் மண் நுண்ணங்கிகளும் விரைவில் முடித்துவிடும். பின்னர் நடைபெறும் காற்றின்றிய சுவாசத்தில் கிடைக்கும் சக்தி மிகக் குறைவு. அதனால் கனியுப்புக்களின் உயிர்ப்பான அகத்துறிஞ்சல் குறையும். நீரை உட்புகவிடும் வேரின் தன்மையும் குறையும். ஆகவே நீரின் நடுவே நின்றும் தாவரம் வாடுகின்றது.

ஈர மண்ணில் செழிப்பவை, வேருக்கு வளியைக் கொண்டுசெல்ல வழி கொண்டவை. நெல்லின் தண்டிலும் வேரிலும் காற்றிடைவெளி மிகுந்த இழையம் உண்டு. தாமரையின் இலைக்காம்பை வெட்டினால் துளைகளைக் கண்ணாலேயே காணலாம். அவிசீனியாவின் சுவாச வேர்கள் பென்சில் நட்டதுபோலச் சேற்றுக்கு மேலே நிற்கும். றைசோபோராவின் மிண்டி வேர்களில் பட்டைவாய்கள் உள்ளன.

எனினும் இவற்றுக்கும் எல்லை உண்டு. 2004 ஆம் ஆண்டு ஆழிப்பேரலைக்குப் பின்னர் இலங்கைக் கரையோரங்களில் நடப்பட்ட கண்டல் நாற்றுக்களிற் பெரும்பகுதி தப்பவில்லை. நீர்மட்டத்தையும் உவர்த்தன்மையையும் பாராது பொருந்தாத இடத்தில் நட்டமையும், பின்னர் பராமரியாது விட்டமையும் காரணங்களாகும். ஓயாது மூழ்கியிருந்தால் கண்டல் நாற்றுக்கும் ஒட்சிசன் கிடையாது.

எனவே முதலில் நிலத்தைப் பாருங்கள். ஏறத்தாழ 60 சென்ரிமீற்றர் ஆழமான குழியில் நீர் நிரப்பி விடுங்கள். மறுநாளும் வடியாதிருந்தால் வடிகால் குறைவு. தோண்டிய மண் நீலச்சாம்பல் நிறமாயின், நெடுங்காலம் நீர் தேங்கிய மண் அது. ஒட்சிசனின்றி இரும்புச் சேர்வைகள் தாழ்த்தப்பட்டமையே அந்நிறத்துக்குக் காரணம்.

உலர்வலயக் குளக்கரைகளுக்கு மருதும் இலுப்பையும் பொருத்தமானவை. வீட்டுத்தோட்டத்தின் பள்ளமான மூலையில் கங்குன், வல்லாரை, சேம்பு வளரும். தென்னையை இவற்றோடு சேர்க்கக் கூடாது. சிறிது காலம் ஓடும் நீரை அது தாங்கும், தேங்கும் நீரைத் தாங்காது. பப்பாசி, முருங்கை, எலுமிச்சை வேண்டுமாயின் வடிகால் வெட்டி, மேட்டுப்பாத்தி அமைத்தே நடவேண்டும்.