கதவு எவ்வளவு திறக்கும்?

செகந்திராபாத்தை ஒட்டிய லோத்குண்டாவில் ஒரு மளிகைக்கடைக்காரர் 3 லட்சம் ரூபாய் கடன் வாங்குகிறார் என்று வைத்துக்கொள்வோம். எழுதிக் கொடுப்பது ஒரு புரோநோட். ரெவின்யூ ஸ்டாம்பின் மேல் பாதி, தாளின் மேல் பாதியாகக் கையெழுத்து. கடனை அடைத்தவர் நோட்டைத் திரும்ப வாங்க மறந்துவிட்டார். இரண்டு ஆண்டு கழித்து அதே நோட்டின் பேரில் அவர்மேல் வழக்கு.

சாதாரண வழக்கென்றால் பதில் சொல்வது பிரதிவாதியின் உரிமை. 1908ஆம் ஆண்டின் உரிமையியல் விசாரணை முறைச் சட்டம், கட்டளை 37இன்படி வந்த வழக்கில் அப்படியில்லை. எதிர்த்து வழக்காடவே நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். சம்மன் கிடைத்த 10 நாளில் ஆஜராக வேண்டும். பிறகு தீர்ப்புக்கான சம்மன் வரும். அது வந்த 10 நாளில், தன் தரப்பைப் பிரமாணப் பத்திரத்தில் சொல்லி அனுமதி கேட்க வேண்டும். தக்க காரணமின்றித் தவறினால் வாதிக்குத் தீர்ப்பு. புரோநோட், உண்டியல், காசோலை போன்ற எழுத்துக் கடன்களில் கொடுத்தவர் பணம் ஆண்டுக்கணக்கில் முடங்கக் கூடாது என்பதே நோக்கம். இங்கிலாந்தில் 1855இல் இதற்கென ஒரு சட்டமே வந்தது.

ஆனால் சாட்சியை விசாரிக்காமல், பிரதிவாதி சொல்வது மெய்யா என்று நீதிபதி எப்படி அறிவார்?

சந்தோஷ் குமார் வழக்கில் இந்தக் கேள்வி உச்ச நீதிமன்றத்துக்கே போனது. 60,000 ரூபாய்க் காசோலை பணமாகாமல் திரும்பியிருந்தது. “அது சரக்குக்கு ஈடாகத் தந்தது, சரக்கின் விலையை வேறு வழியில் கொடுத்துவிட்டோம்” என்றனர் பிரதிவாதிகள். விசாரிக்க வேண்டிய கேள்வி இருப்பதைக் கீழ் நீதிமன்றம் ஏற்றது; ஆனாலும் ஆதாரம் காட்டவில்லை என்று, பிணை தந்தால்தான் அனுமதி என்றது. நீச்சல் தெரிந்தால்தான் ஆற்றில் இறங்கலாம் என்றால், இறங்காமல் எப்படிக் கற்பது? ஆதாரம் காட்டும் கட்டமே அனுமதிக்குப் பிறகுதான் வருகிறது. 1958இல் உச்ச நீதிமன்றம் இதைச் சுட்டிக்காட்டி, அந்த நிபந்தனையை நீக்கியது.

2016இல் ஐடிபிஐ டிரஸ்டிஷிப் வழக்கில் அதே நீதிமன்றம் படிகளை வரிசைப்படுத்தியது. வலுவான எதிர்வாதம் இருந்தால் நிபந்தனையற்ற அனுமதி. நியாயமான, விசாரிக்கத்தக்க கேள்வி எழுந்தாலும் பொதுவாக அப்படியே. கேள்வி இருந்தும் நல்லெண்ணத்தில் சந்தேகம் வந்தால், பணம் கட்டவோ பிணை தரவோ சொல்லலாம். நடந்திருக்கலாம், ஆனால் நம்புவது கடினம் என்றால், அசலும் வட்டியும் முழுவதையும் கட்டச் சொல்லுமளவு நிபந்தனை இறுகலாம். வெறும் சாக்கென்றால் கதவு மூடும். இவ்வளவு பாக்கி என்று பிரதிவாதியே ஒப்புக்கொண்ட தொகையைக் கட்டாமலும் உள்ளே போக முடியாது.

இருபுறமும் மனிதர்கள் நிற்கும் இடத்தில் சந்தேகத்தையே இப்படிப் படிப்படியாகப் பிரித்து வைத்திருப்பதுதான் எனக்கு வியப்பு. முழு நம்பிக்கைக்கும் முழு மறுப்புக்கும் நடுவே சட்டம் இத்தனை இடம் விட்டிருக்கிறது.

நம் கடைக்காரர் எந்தப் படியில் நிற்பார் என்பதைப் பெரும்பாலும் அவர் எழுதும் வரிகளே முடிவுசெய்யும். “கடன் அடைந்துவிட்டது” என்று மட்டும் எழுதினால் அது சாக்காகத் தெரியும். எந்தத் தேதியில், எவ்வளவு, எந்த வங்கிக் கணக்கு வழியாக என்று எழுதினால், அதே உண்மைக்குக் கதவு அகலத் திறக்கும்.