கடனின் விலை தவணையில் இல்லை, ஆண்டுகளில் இருக்கிறது

வீட்டுக் கடன் வாங்கப் போகும் குடும்பம் வங்கியில் முதலில் கேட்பது அநேகமாக ஒரே கேள்விதான்: "மாசம் எவ்வளவு கட்டணும்?" சம்பளமும் பள்ளிக் கட்டணமும் மளிகைக் கணக்கும் மாதக் கணக்கில் ஓடும் வீடுகளில் அந்தக் கேள்வி இயல்பானது. கடன் பிரிவில் இருப்பவரும் அதற்கு ஏற்ற பதிலையே சொல்வார். தவணை கொஞ்சம் கூடுதலாகத் தெரிந்தால், "இருபது வருஷத்தை முப்பதா மாத்திடலாம் சார், கம்மியாயிடும்" என்பார். தவணை குறையும். குடும்பமும் நிம்மதியாகக் கையெழுத்துப் போடும். இந்த வீட்டுக்காக மொத்தம் எவ்வளவு கொடுக்கப் போகிறோம் என்ற பேச்சு அந்த மேஜையில் எழுவதே இல்லை.

அந்தக் கணக்கை இங்கே போட்டுப் பார்ப்போம். கடன் 30 லட்சம், வட்டி 8.5 சதவீதம், காலம் 20 ஆண்டு. மாதத் தவணை 26,035 ரூபாய். 240 மாதமும் ஒழுங்காகக் கட்டி முடிக்கும்போது வங்கிக்குப் போய்ச் சேர்ந்திருப்பது 62 லட்சத்து 48 ஆயிரம். வாங்கிய கடனைவிட வட்டி அதிகம். இதையே 30 ஆண்டாக்கினால் தவணை 23,067 ஆகும். மாதம் 3,000 ரூபாய்கூட முழுதாக மிச்சமில்லை. ஆனால், மொத்தம் கட்டுவது 83 லட்சத்தைத் தாண்டிவிடும். மாதாமாதம் கிடைத்த அந்தச் சிறு ஆறுதலுக்குக் குடும்பம் கொடுக்கும் விலை 20 லட்சத்துக்கும் மேல். மறுபக்கமாக, 15 ஆண்டில் முடிப்பேன் என்று துணிந்தால் தவணை 29,542, மொத்தம் 53 லட்சத்து 18 ஆயிரம். மாதம் 3,500 ரூபாய் கூடுதலாகக் கட்டுபவருக்கு 9 லட்சத்துக்கு மேல் மிஞ்சுகிறது.

20 ஆண்டுக் கடனின் முதல் மாதத் தவணையான 26,035 ரூபாயில் 21,250 ரூபாய் வட்டிக்கே போய்விடுகிறது. அசலில் கழிவது 4,785 மட்டும். இதில் ஏமாற்று எதுவும் இல்லை. நிலுவையில் இருக்கும் தொகைக்கு வட்டி. தொடக்கத்தில் நிலுவை பெரிது, அதனால் வட்டியும் பெரிது. ஐந்து ஆண்டு கட்டிய பிறகு கணக்கைப் பாருங்கள். கட்டியது 15 லட்சத்து 62 ஆயிரம். அசலில் குறைந்திருப்பது 3 லட்சத்து 56 ஆயிரம். பத்தாம் ஆண்டு முடிவில், 'பாதி தூரம் வந்துவிட்டோம்' என்று நினைக்கும் நேரத்தில், இன்னும் 21 லட்சம் பாக்கி. 30 லட்சம் 15 லட்சமாகக் குறைய 13 ஆண்டும் 10 மாதமும் ஆகும்.

பிள்ளையின் மேற்படிப்புக்காகவோ வேலை மாற்றத்துக்காகவோ ஆறாம் ஆண்டில் வீட்டை விற்க நினைப்பவர்கள் வங்கியில் நிலுவைத் தொகையைக் கேட்டு அதிர்ந்துபோவது இதனால்தான். "இத்தனை வருஷமா கட்டினது எங்கே போச்சு?" என்று கேட்பார்கள். கேட்க வேண்டிய கேள்விதான். ஆனால், அதற்கான பதிலைக் கடன் வாங்கிய அன்றே சொல்லியிருக்க வேண்டும்.

இதுவரை போட்டதெல்லாம் வட்டி மாறாது என்று வைத்துக்கொண்டு போட்ட கணக்கு. நம் ஊரில் வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் கொடுக்கும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றுடன் இணைக்கப்பட்டிருக்க வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. பெரும்பாலான வங்கிகள் அதற்கு, தங்களுக்கு ரிசர்வ் வங்கி கடன் கொடுக்கும் வட்டியான ரெப்போ விகிதத்தை எடுத்துக்கொண்டன. கொரோனாக் காலத்தில் ரெப்போ 4 சதவீதத்துக்கு இறங்கியது. வீட்டுக் கடன் 7 சதவீதத்துக்கும் கீழே கிடைத்தது. 'இதைவிட நல்ல நேரம் வராது' என்று எத்தனையோ குடும்பங்கள் அப்போது கடன் வாங்கின. 2022 மே மாதம் ரெப்போ ஏறத் தொடங்கியது. 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதத்தில் போய் நின்றது. பத்தே மாதத்தில் இரண்டரை சதவீத ஏற்றம்.

அந்த ஏற்றம் ஒரு குடும்பத்தை என்ன செய்தது என்று பார்க்கலாம். 2021 தொடக்கத்தில் 30 லட்சம், 6.75 சதவீதம், 20 ஆண்டு. தவணை 22,811. இரண்டு ஆண்டு கட்டிய பிறகு நிலுவை சுமார் 28 லட்சத்து 48 ஆயிரம், மீதி 18 ஆண்டு. இப்போது வட்டி 9.25 ஆகிறது. அந்த மாத வட்டி மட்டுமே 21,953 ரூபாய். பழைய தவணையையே கட்டினால் அசலில் கழிவது 858 ரூபாய்தான். அந்த வேகத்தில் கடன் முடிய இன்னும் முப்பத்தைந்தரை ஆண்டு ஆகும். 38 வயதில் கடன் வாங்கி, 58 வயதில் முடித்துவிடலாம் என்று கணக்குப் போட்டவர் 75 வயது வரை கட்ட வேண்டியிருக்கும்.

இந்தச் சமயத்தில் பல வங்கிகள் செய்தது என்னவென்றால், தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டின. வாடிக்கையாளருக்கு வந்ததெல்லாம், 'உங்கள் வட்டி விகிதம் மாற்றப்பட்டுள்ளது' என்ற குறுஞ்செய்தி. கணக்கிலிருந்து வழக்கம்போல அதே 22,811 ரூபாய் போனதால் வீட்டில் யாரும் கவனிக்கவில்லை. பெட்ரோல் ஒரு ரூபாய் ஏறினால் தெரியும் நமக்கு, வாழ்நாளில் பதினேழு ஆண்டுத் தவணை கூடியது தெரியவில்லை. வங்கிகளும் வயது வரம்பைத் தாண்டிக் காலத்தை நீட்ட முடியாது. ஏதோ ஒரு கட்டத்தில், வருமானம் குறையும் வயதில், தவணையைக் கூட்டச் சொல்லிக் கடிதம் வரும்.

அந்தக் குடும்பம் 2023-லேயே தவணையை 27,116 ஆகக் கூட்டியிருந்தால் கடன் பழையபடி 18 ஆண்டில் முடிந்திருக்கும். மாதம் 4,300 ரூபாய் கூடுதல் என்பது சிறிய தொகை இல்லை. ஆனால், இரண்டு வழிகளுக்கும் இடையில் மொத்தமாகக் கட்டும் தொகையில் வித்தியாசம் ஏறத்தாழ 39 லட்சம். இந்தத் தெரிவு தங்கள் முன் இருக்கிறது என்பதாவது அவர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டாமா?

ரிசர்வ் வங்கியும் இதைத்தான் கேட்டது. 2023 ஆகஸ்ட் 18 அன்று அது வெளியிட்ட சுற்றறிக்கை, கடன் வாங்கிய ஒவ்வொருவரும் அறிந்திருக்க வேண்டிய ஒன்று. வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்பதைத் தேர்ந்தெடுக்கும் உரிமை கடன் வாங்கியவருக்கு உண்டு. நிலையான வட்டிக்கு மாறும் வாய்ப்பையும் வங்கி, தன் கொள்கைக்கு உட்பட்டுத் தரலாம். ஒவ்வொரு காலாண்டு முடிவிலும், இதுவரை வசூலித்த அசல், வட்டி, தவணைத் தொகை, மீதித் தவணைகளின் எண்ணிக்கை, ஆண்டு வட்டி விகிதம் ஆகியவற்றை எளிமையாகக் காட்டும் அறிக்கை வாடிக்கையாளருக்குக் கிடைக்க வேண்டும். வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கும் இது பொருந்தும்.

2025 பிப்ரவரியில் ரெப்போ இறங்கத் தொடங்கி, ஜூனில் 5.5 ஆனது. வட்டி குறைந்தது என்று தவணையைக் குறைக்கச் சொல்லிக் கேட்காதீர்கள். கட்டிப் பழகிய தொகையை அப்படியே விட்டால், நீண்டுபோன கடன் காலம் தானாகச் சுருங்கும். 2019 அக்டோபருக்கு முன் வாங்கிய கடன் என்றால், அது இன்னும், வங்கி தன் நிதிச் செலவை வைத்து வட்டி நிர்ணயிக்கும் பழைய எம்.சி.எல்.ஆர். முறையிலோ அதற்கும் முந்தைய அடிப்படை விகித முறையிலோ கிடக்கலாம். ரெப்போ குறைந்தாலும் அந்தப் பலன் அங்கே மெதுவாகத்தான் வரும். சிறு கட்டணம் கட்டிப் புதிய முறைக்கு மாறலாம். மாறினால் எவ்வளவு குறையும் என்பதைக் கேட்டு எழுதி வாங்கிக்கொண்டு முடிவெடுங்கள்.

கடன் கணக்கில் சேராத செலவுகளும் உண்டு. தமிழ்நாட்டில் கிரையப் பத்திரத்துக்கு முத்திரைத்தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 40 லட்சம் மதிப்புள்ள தனி வீட்டுக்கு இதுவே 3 லட்சத்து 60 ஆயிரம். 30 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் 90 சதவீதம் வரையிலும், 75 லட்சம் வரை 80 சதவீதமும், அதற்கு மேல் 75 சதவீதமும் வங்கி தரலாம். ஆனால், பத்து லட்சத்துக்கு மேற்பட்ட வீடுகளுக்கு அந்த மதிப்பில் பத்திரச் செலவைச் சேர்க்கக் கூடாது. அதற்கான பணத்துக்குப் பலரும் போவது நகைக் கடனுக்கும் தனிநபர் கடனுக்கும். வீட்டுக் கடனைவிட வட்டி கூடுதலான அந்தக் கடன்களும் வீட்டின் விலையில் சேர வேண்டியவையே. பிராசஸிங் கட்டணம், வழக்கறிஞர் கருத்து, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரங்களை வங்கியில் அடமானமாக ஒப்படைத்ததைக் காட்டும் எம்.ஓ.டி. பதிவு என்று மேலும் சில ஆயிரங்கள் போகும்.

காப்பீட்டைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். குடும்பத் தலைவருக்கு ஏதாவது ஆனால் வீடு கைவிட்டுப் போகக் கூடாது என்பது நியாயமான அக்கறை. ஆனால், பல இடங்களில் ஒரே தவணைப் பிரீமியமாக ஒரு லட்சத்தைக் கடனோடு சேர்த்துவிடுகிறார்கள். 8.5 சதவீதத்தில் 20 ஆண்டுக்கு அந்த ஒரு லட்சம் 2 லட்சத்து 8 ஆயிரமாகத் திரும்பிப் போகும். கடன் வாங்க வேண்டுமானால் வங்கி காட்டும் காப்பீட்டையே எடுத்தாக வேண்டும் என்று ரிசர்வ் வங்கியின் விதி எதுவும் இல்லை. தனியாக டேர்ம் பாலிசி எடுத்து ஆண்டுக்கு ஆண்டு பிரீமியம் கட்டுவது பெரும்பாலும் மலிவாக முடியும். 2024 அக்டோபர் முதல் கடனுக்கு முன்பே முக்கிய விவர அறிக்கை ஒன்றை வங்கி தர வேண்டும். எல்லாக் கட்டணங்களையும் சேர்த்த ஆண்டுச் செலவு விகிதம் அதில் இருக்கும். அதில் காட்டாத கட்டணத்தை உங்கள் ஒப்புதல் இல்லாமல் பின்னால் கேட்க முடியாது. கையெழுத்துக்கு முன் அந்தத் தாளை வீட்டுக்கு எடுத்துப் போய்ப் படியுங்கள்.

'வரி மிச்சமாகும்' என்ற வாதம் முன்பு போல் செல்லுபடியாகாது. பழைய வரி முறையில், சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு உண்டு. புதிய முறையில் அது இல்லை. பழைய முறையில் 30 சதவீத வரி கட்டுபவருக்கும்கூட 100 ரூபாய் வட்டிக்கு மிச்சமாவது சுமார் 30 ரூபாய். மீதி 70 போனது போனதுதான்.

நியாயமாக இன்னொரு பக்கத்தையும் சொல்ல வேண்டும். இருபதாம் ஆண்டில் கட்டும் 26,035 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுவதாக வைத்துக்கொண்டால், அது இன்றைய 9,800 ரூபாய்க்குச் சமம். ஆகவே 62 லட்சம் என்ற எண்ணைக் காட்டி, கடனே வாங்காதீர்கள் என்று பயமுறுத்துவது சரியில்லை. கடன் இல்லாமல் சொந்த வீடு பார்க்க நம்மில் பெரும்பாலோரால் முடியாது. காலத்தோடு சம்பளமும் ஏறுகிறது. ஆனால் தவணை மட்டும் அதே இடத்தில் நிற்கிறது. கைவைக்க வேண்டிய இடம் அதுதான்.

அதே 30 லட்சம் கடனில், ஆண்டுக்கு ஒருமுறை தவணையை 5 சதவீதம் கூட்டிக்கொண்டே போனால், 20 ஆண்டுக் கடன் 12 ஆண்டும் மூன்று மாதமுமாகச் சுருங்குகிறது. வட்டியில் 11 லட்சத்துக்கு மேல் மிச்சம். அது முடியாதவர் போனஸ் வரும் மாதத்தில் ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினாலும் மூன்று ஆண்டுக்கு மேல் முன்னதாகவே முடியும். சீக்கிரம் கட்டும் பணத்துக்கு வலிமை அதிகம். முதல் ஆண்டு முடிவில் ஒரு லட்சம் கட்டினால் 18 தவணை குறையும். பதினைந்தாம் ஆண்டு முடிவில் அதே ஒரு லட்சம் 6 தவணையைத்தான் குறைக்கும். மாறும் வட்டி வீட்டுக் கடனைத் தனிநபர் முன்கூட்டியே அடைத்தால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே சொல்லிவிட்டது. கூடுதலாகக் கட்டும்போது தவணையைக் குறைப்பதா, காலத்தைக் குறைப்பதா என்று கேட்பார்கள். காலத்தை என்று எழுதிக் கொடுங்கள். இதற்காக நகையை அடகு வைக்கவோ, ஆறு மாத வீட்டுச் செலவுக்கு வைத்திருக்கும் பணத்தைத் துடைத்து எடுக்கவோ வேண்டாம்.

கடைசித் தவணையோடு வேலை முடிந்துவிடாது. கடன் தீர்ந்த 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தராவிட்டால், வங்கியின் தவறு என்றால், நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு உங்களுக்கு உண்டு. 2023 டிசம்பரிலிருந்து இது நடைமுறையில் இருக்கிறது. சார்பதிவாளர் அலுவலகத்தில் ரசீது ஆவணத்தைப் பதிந்து எம்.ஓ.டி.யை ரத்து செய்யாவிட்டால், வில்லங்கச் சான்றில் அந்தக் கடன் நின்றுகொண்டே இருக்கும்.

வீட்டுக் கடன் கட்டிக்கொண்டிருக்கும் வாசகர்களே, இந்த வாரமே உங்கள் வங்கிக்கு ஒருமுறை போய் வாருங்கள். இன்றைய நிலுவை எவ்வளவு, வட்டி விகிதம் என்ன, இன்னும் எத்தனை தவணை பாக்கி என்ற மூன்றையும் எழுத்தில் வாங்குங்கள். மூன்றாவது எண், கடன் வாங்கிய அன்று சொன்னதைவிடக் கூடியிருந்தால், தவணையை எவ்வளவு கூட்டினால் அது பழைய இடத்துக்கு வரும் என்று அங்கேயே கேளுங்கள். அந்தக் கணக்கைப் போட்டுக் காட்டுவது வங்கியின் கடமை.